மேல மாசி வீதி பைண்டிங் கடையும் டெய்லரின் ஏழு புத்தகங்களும்

மேல மாசி வீதியில், 1921 செப்டம்பரில் காந்தி மேல்சட்டையை விட்டு அரைவேட்டிக்கு மாறிய வீட்டிலிருந்து கூப்பிடு தூரத்தில், ஆட்டோ நுழையாத ஒரு சந்து. அதில் பெயர்ப்பலகை இல்லாத ஒரு பைண்டிங் கடை. வாசலில் அடுக்கிக் கிடக்கும் கணக்கு நோட்டுகளும், மைதாப் பசை காயும் வாசனையும்தான் அடையாளம். பங்குனி பிறந்த வாரம் அங்கே ஏழு புத்தகங்களைக் கொடுத்தேன். சித்திரைத் திருவிழாக் கொடியேற்றத்துக்கு முந்தின நாள் திரும்பக் கிடைத்தன. பன்னிரண்டு நாளில் தருவதாகச் சொன்ன வேலைக்கு முப்பத்தாறு நாள் ஆயிற்று. அதுவும், பின்னால் சொல்லப்போகும் இன்னொன்றும் குறைகள். ஆனாலும் இனி என் புத்தகங்கள் வேறு எந்தக் கடைக்கும் போகாது.

ஏழும் ஒரே ஆள் எழுதியவை. ஏ.ஜே.பி. டெய்லர், ஆங்கிலேய வரலாற்றாசிரியர். பேராசிரியர் டெய்லர் என்று எழுதத்தான் கை போகிறது. ஆக்ஸ்ஃபோர்டில் அந்தப் பதவி அவருக்குக் கிடைக்கவே இல்லை. இந்த ஏழு புத்தகங்களுக்குள்ளும் ஓடுகிற கதை அதுதான்.

புத்தகங்கள் எங்கள் சாருடையவை. மதுரையில் நான் எம்.ஏ. வரலாறு படித்தபோது ஐரோப்பிய வரலாறு எடுத்தவர். கையில் ஒரு துண்டுச்சீட்டு இல்லாமல் வகுப்புக்குள் வருவார். மணி அடிக்கிற நொடியில் கடைசி வாக்கியம் முடியும். ஒருநாள் நாங்களே கேட்டோம், எப்படி சார் என்று. "டெய்லர்கிட்டக் கத்துக்கிட்டேன்" என்றார். லண்டனுக்கு அவர் போனதே இல்லை. சிற்றலை ரேடியோவும் இந்தக் காகித அட்டைப் புத்தகங்களும்தான் அவருக்கு ஆக்ஸ்ஃபோர்டு. முந்தின வருடம் சார் தவறிவிட்டார். அவருடைய மகள் போன் செய்து, "அக்கா, அப்பா உங்களுக்குன்னு சொல்லி வச்ச புத்தகம், தொட்டா உதிருது, வந்து எடுத்துக்கோங்க" என்றாள். தொட்டால் உண்மையிலேயே உதிர்ந்தது. அறுபது, எழுபதுகளில் அச்சான தாள், பழுப்பேறி அப்பளம் மாதிரி ஒடிந்தது. பின்னட்டைகளில் ஷில்லிங் கணக்கில் விலை. முதுகில் இருந்த பசை கண்ணாடிச் சில்லாகக் கொட்டியது.

முதலில் வேறு இரண்டு கடைகளில் கேட்டேன். ஒன்றில் புத்தகத்தைக் கையில்கூட வாங்காமல், "ஜெராக்ஸ் எடுத்து ஸ்பைரல் போட்டுக்கங்கம்மா" என்றார்கள். இன்னொன்றில் ஓரத்தில் துளை போட்டுத் தைத்துத் தருகிறோம், நாளைக்கே வாங்கிக்கொள்ளலாம் என்றார்கள். இந்தச் சந்துக் கடை அண்ணன் மட்டும்தான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு புத்தகமாகப் பிரித்து, உள் ஓரத்தில் எவ்வளவு வெற்றிடம் இருக்கிறது என்று விரலால் அளந்து பார்த்தார். "டீச்சர், இது பூராம் ஒத்தத் தாளு. மடிச்சுத் தைச்ச ஃபாரம் கெடையாது. பக்கத்துல குத்தித் தைச்சா எழுத்து உள்ள போயிரும், அப்பறம் புஸ்தகம் விரியாது. ரெண்டு கையாலயும் அமுக்கிப் பிடிச்சுக்கிட்டுத்தேன் படிக்கணும். நான் முதுகுல ரம்பம் போட்டு நூலை உக்கார வச்சுத் தாரேன். நாளாகும்" என்றார். அந்த ஒரு பதிலுக்காகவே அவரிடம் கொடுத்தேன்.

வேலையைக் கிட்டே இருந்து பார்த்ததால் சொல்கிறேன். பழைய பசையைச் சுரண்டி எடுத்து, தாள்களைத் தட்டி ஒழுங்காக்கி, அழுத்துக் கட்டையில் இறுக்கி, முதுகில் சின்னச் சின்னதாக ரம்ப வெட்டுப் போடுகிறார். அந்த வெட்டுக்குள் நூலை இழுத்து உட்கார வைத்துப் பசை பூசுவது அவர் மனைவி, எனக்கு அக்கா. மைதாவோடு மயில்துத்தம் சேர்த்துக் காய்ச்சிய பசை, பூச்சி அண்டாது. பிறகு முதுகுக்கு மல் துணி, அதன்மேல் அட்டை, அட்டைக்கு மேல் காலிகோத் துணி. ரெக்சின் வேண்டுமா என்று கேட்டார். மதுரை வெயிலில் ரெக்சின் இரண்டு வருடத்தில் ஒட்ட ஆரம்பித்துவிடும் என்று அவரே சொல்லி, காலிகோவையே போடச் சொன்னார். விலை கூடுதலாக வரும் பொருளைக் கடைக்காரரே வேண்டாம் என்று சொல்வதை நான் அதிகம் பார்த்ததில்லை.

முதுகில் தமிழில் கில்ட் எழுத்து, அதாவது தங்க நிற எழுத்து, வேண்டும், அடியில் அந்தப் புத்தகம் முதலில் வந்த வருடம் இருக்க வேண்டும் என்று எழுதிக் கொடுத்தேன். சீட்டைப் படித்துவிட்டு, "ஏழுலயும் டெய்லர்னு போட்டிருக்கே, தையக்காரவுகளா?" என்று அக்கா கேட்டார். பெயர்தான் அப்படி, அப்பா இங்கிலாந்தின் லங்காஷயரில் பருத்தி வியாபாரி என்றேன். லங்காஷயர் என்றதும் அண்ணன் நிமிர்ந்தார். அவர் தாத்தா மதுரை மில்லில் வேலை பார்த்தவராம். லங்காஷயர் துணியைத் தெருவில் போட்டுக் கொளுத்தினதை வீட்டில் பேசக் கேட்டிருக்கிறாராம். அதன்பிறகு நான் போகிற நாளெல்லாம், கை ஒரு வேலையில் இருக்கும்போதே, "அந்தாளு கதைய மேல சொல்லுங்க டீச்சர்" என்பார். ஆக இந்த ஏழு புத்தகங்களின் கதையையும் நான் அந்தக் கடை ஸ்டூலில் உட்கார்ந்து சொல்லி முடித்தேன்.

டெய்லர் 1906இல் பிறந்தவர். வசதியான குடும்பம், ஆனால் இடதுசாரி வீடு. ஆக்ஸ்ஃபோர்டில் படித்து, கொஞ்ச காலம் லண்டனில் உறவினரின் சட்ட அலுவலகத்தில் இருந்து பார்த்து, அது ஒத்து வராமல் வியன்னா ஆவணக் காப்பகத்துக்குப் போனார். 1930இல் மான்செஸ்டரில் விரிவுரையாளர். 1938இல் ஆக்ஸ்ஃபோர்டின் மாட்லன் கல்லூரிக்கு ஃபெல்லோவாக, அதாவது கல்லூரியின் ஆசிரிய உறுப்பினராக, வந்து 1976 வரை அங்கேயே இருந்தார். மான்செஸ்டரில் இருந்தபோதே அவ்வூர்ப் பத்திரிகையான மான்செஸ்டர் கார்டியனுக்கு எழுதத் தொடங்கிவிட்டார். ஆவணமும் நாளிதழும் அவரிடம் ஒன்றாகவே வளர்ந்தன. ஏழில் முதல் மூன்று புத்தகங்கள், ஆஸ்திரியாவின் ஹாப்ஸ்பர்க் பேரரசு, ஜெர்மனி, அதை ஒன்றாக்கிய பிஸ்மார்க் பற்றியவை. நல்ல புத்தகங்கள்தாம். பைண்டிங்கிலும் சிக்கல் தராதவை.

நான்காவது 1954இல் வந்த பெரிய புத்தகம். 1848 முதல் 1918 வரை ஐரோப்பிய வல்லரசுகளின் ராஜதந்திரம். பல நாட்டு ஆவணத் தொகுப்புகளை எதிரெதிரே வைத்துப் படித்தவரால் மட்டுமே எழுத முடிகிற நூல். தொலைக்காட்சியில் பேசுகிறவர் ஆழமாக உழைத்திருக்க மாட்டார் என்று சொல்கிறவர்களுக்கு நான் இதைத்தான் காட்டுவேன். ஏனென்றால் இது வெளிவந்தபோது டெய்லர் தொலைக்காட்சிக்கு வந்து நான்கு வருடம் ஆகியிருந்தது.

1950இல் பிபிசி, வாராவாரம் நான்கு பேரை உட்கார வைத்து நாட்டு நடப்பை விவாதிக்கச் சொன்னது. டெய்லர், தொழிற்கட்சியின் மைக்கேல் ஃபுட், கன்சர்வேட்டிவ் கட்சியின் ராபர்ட் பூத்பி, சுயேச்சையான டபிள்யூ.ஜே. பிரவுன். கட்சித் தலைமைக்கு அடங்காதவர்கள். அதனாலேயே ஜனங்களுக்குப் பிடித்தது, அதனாலேயே கட்சிகளுக்குப் பிடிக்கவில்லை. இவர்கள் எங்கள் பிரதிநிதிகள் இல்லை என்று இரண்டு பெரிய கட்சிகளும் நெருக்க, பிபிசி அந்த நால்வர் அணியைக் கலைத்தது. 1955இல் தனியார் தொலைக்காட்சி தொடங்கியதும் நால்வரும் அங்கே போய்ச் சேர்ந்தார்கள். அந்தக் காலத்தில் இன்னொரு கட்டுப்பாடும் இருந்தது. நாடாளுமன்றத்தில் அடுத்த 14 நாட்களுக்குள் விவாதத்துக்கு வரப்போகும் எதையும் ஒலிபரப்பில் பேசக் கூடாது. சூயஸ் கால்வாய்க்காக எகிப்தோடு மோதிய நெருக்கடியில் ஊரே பற்றி எரிந்தபோது இந்த விதி தாங்கவில்லை, 1956 கடைசியில் நிறுத்தி வைத்தார்கள். இதைச் சொன்னபோது அண்ணன் கையிலிருந்த கொட்டாப்புளியைக் கீழே வைத்துவிட்டு, "பேசத்தானே டீச்சர் உக்கார வைக்கிறது?" என்று கேட்டார்.

1957இல் டெய்லர் இன்னும் ஒரு படி போனார். அரை மணி நேரம், தனியாக, குறிப்பு இல்லாமல், படம் இல்லாமல், கேமராவைப் பார்த்து வரலாற்று விரிவுரை. முதல் தொடர் ரஷ்யப் புரட்சி பற்றி. அதைப் பொதுமக்கள் வேலை முடிந்து வந்து உட்கார்ந்து பார்த்தார்கள். ஆக்ஸ்ஃபோர்டில் அவர் வகுப்புக்குக் கூட்டம் தாங்காது என்று காலை 8.30க்கு நேரம் வைத்தார்கள், அப்போதும் அறை நிறைந்தது. மதுரைக்காரர்களுக்கு இது புரியாத விஷயம் இல்லை. அமெரிக்கன் கல்லூரியில் தமிழ்ப் பேராசிரியராக இருந்த சாலமன் பாப்பையா பட்டிமன்ற மேடையிலும் தீபாவளிக் காலைத் தொலைக்காட்சியிலும் பேசக் கேட்டு வளர்ந்த ஊர் இது. படித்ததை ஊருக்குச் சொல்வது படிப்புக்குக் குறைவு என்று இங்கே யாரும் நினைப்பதில்லை. ஆக்ஸ்ஃபோர்டு நினைத்தது.

அதே 1957இல் ஆக்ஸ்ஃபோர்டின் ரீஜியஸ் வரலாற்றுப் பேராசிரியர் பதவி காலியானது. பிரதமர் பரிந்துரைக்க அரசி நியமிக்கிற பதவி. டெய்லருக்கு வரும் என்று பலரும் எதிர்பார்த்தார்கள். மான்செஸ்டரில் அவருக்கு மூத்தவராக இருந்த வரலாற்றுப் பேராசிரியர் லூயிஸ் நேமியரிடம் கருத்துக் கேட்டிருந்தார்கள். பத்திரிகையில் எழுதுவதையும் தொலைக்காட்சியில் பேசுவதையும் விட்டுவிடுவதாகச் சொன்னால் பரிந்துரைக்கிறேன் என்று நேமியர் கேட்டதாகவும், தான் மறுத்ததாகவும் டெய்லரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். இருவருக்கும் இருந்த பழைய நட்பு அதோடு முறிந்தது. பிரதமர் மாக்மில்லன், இன்னொரு ஆக்ஸ்ஃபோர்டு வரலாற்றாசிரியரான ஹியூ ட்ரெவர்-ரோப்பரை நியமித்தார். அந்த வருடம் வெளிவந்ததுதான் ஐந்தாவது புத்தகம். பிரிட்டிஷ் வெளியுறவுக் கொள்கையைத் தலைமுறை தலைமுறையாக எதிர்த்து நின்றவர்களைப் பற்றியது. தான் எழுதியவற்றில் தனக்கு மிகவும் பிடித்தது அதுவே என்று சொன்னார். பதவி போன அதே வருடத்தில் எதிர்ப்பாளர்களின் வரலாறு அவர் கையில் இருந்ததை நான் தற்செயல் என்று மட்டும் எடுத்துக்கொள்ள மாட்டேன், அந்த விரிவுரைகளை 1956லேயே நிகழ்த்திவிட்டார் என்று தெரிந்தாலும்.

அடுத்த வருடம் அணு ஆயுத ஒழிப்பு இயக்கம் தொடங்கியதும் அதற்காக ஊர் ஊராகப் போய் மன்றங்களில் பேசினார். அப்படிப் பேசிக்கொண்டே, வலதுசாரிப் பத்திரிகையான சண்டே எக்ஸ்பிரஸிலும் பத்தி எழுதினார்.

ஆறாவதுதான் எங்கள் சாரின் உயிர். 1961இல் வந்த, இரண்டாம் உலகப் போர் எப்படி மூண்டது என்பதைப் பற்றிய நூல். வெளியுறவைப் பொறுத்தவரை ஹிட்லர் பெரிய திட்டத்தோடு நகர்ந்தவன் இல்லை, கிடைத்த வாய்ப்பைப் பிடித்துக்கொண்ட ஜெர்மன் அரசியல்வாதிகளின் வரிசையில் வந்தவன், 1939இன் போர் இரு பக்கத்துத் தப்புக் கணக்குகளாலும் வந்தது என்று டெய்லர் வாதிட்டார். ட்ரெவர்-ரோப்பர் கடுமையாகத் தாக்கினார். அந்த ஜூலையில் இருவரும் தொலைக்காட்சியில் நேருக்கு நேர் மோதினார்கள். முப்பதுகளில் ஹிட்லரோடு சமரசம் கூடாது என்று, செக்கோஸ்லோவாகியாவின் ஒரு பகுதியை அவனுக்கு விட்டுக்கொடுத்த மூனிக் உடன்பாட்டை எதிர்த்து மேடையேறியவர் டெய்லர். அவரைப் போய் ஹிட்லருக்கு வெள்ளையடிக்கிறார் என்றார்கள். எனக்கு இந்த நூலில் உடன்பாடில்லாத இடம் ஒன்று உண்டு. 1937 நவம்பர் 5 அன்று ஹிட்லர் தன் படைத்தலைவர்களிடம் பேசியதை ஹோஸ்பாக் என்ற அதிகாரி எழுதி வைத்த குறிப்பை, உள்நாட்டு அரசியலுக்கான பேச்சு என்று டெய்லர் சுலபமாகத் தள்ளிவிடுகிறார். நான் திருமங்கலத்தில் பள்ளிப் பிள்ளைகளுக்குப் பாடம் எடுத்த இத்தனை வருடத்திலும் அந்தத் தள்ளலை ஏற்றுக்கொண்டதில்லை. ஆனால் தீமை ஒரு மனிதனின் மண்டைக்குள் மட்டும் இருந்தது என்று மற்றவர்கள் கை கழுவிக்கொள்ள விடாமல் தடுத்த நூல் இது. அதற்காக அதை வருடா வருடம் எடுத்துப் படிக்கிறேன்.

இந்தப் புத்தகத்தில்தான் கடையின் தவறு நேர்ந்தது. சார் பக்க ஓரங்களில் பென்சிலால் எழுதுவார். "ஆதாரம்?" என்று ஓரிடத்தில். "மூனிக்கோடு ஒப்பிடு" என்று இன்னோரிடத்தில். பைண்டிங் முடிந்ததும் ஓரங்களைச் சமப்படுத்த அண்ணன் கட்டிங் மெஷினில் வைத்து வெட்டியிருக்கிறார். எல்லாப் புத்தகத்துக்கும் செய்கிற வேலை. ஒரு சோளத் தட்டை அகலம்கூட இருக்காது. ஆனால் ஹோஸ்பாக் குறிப்பு வருகிற பக்கத்தில், வலது ஓரத்தில், சாரின் சின்ன எழுத்தில் இப்போது இருப்பது "இதை ஏற்கலா" என்பது மட்டும். மிச்சம் போய்விட்டது.

ஏற்கலாமா, ஏற்கலாகாதா? சார் இரண்டையும் எழுதக் கூடியவர். வகுப்பில் டெய்லர் பக்கமும் பேசுவார், ட்ரெவர்-ரோப்பர் பக்கமும் பேசுவார், தன் முடிவைச் சொல்லவே மாட்டார். அந்த ஓரத்தில் சொல்லியிருந்தார்.

கடையிலேயே உட்கார்ந்து அந்தப் பக்கத்தைக் காட்டினேன். அண்ணன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டுத் திரும்பப் பார்த்தார். சமாதானம் எதுவும் சொல்லவில்லை. "நான் பாத்திருக்கணும் டீச்சர். அச்சுத்தான் ஓரத்துல இல்லையேன்னு போட்டேன். பென்சிலப் பாக்கல." எழுந்து போய் வெட்டுச் சீவல் போட்டு வைக்கும் சாக்கைத் தரையில் கொட்டினார். நானும் அக்காவும் அவரும் இருட்டும் வரை சீவல் சீவலாக எடுத்துப் பார்த்தோம். பழுப்புத் தாள் சீவல் ஒன்றுகூட இல்லை. அந்த வாரத்துச் சாக்கு ஏற்கனவே பழைய பேப்பர்க்காரரிடம் போய்விட்டிருந்தது. அந்தப் புத்தகத்துக்குக் காசு வாங்க மாட்டேன் என்று பிடிவாதம் பிடித்தார். நானும் பிடிவாதமாகக் கொடுத்துவிட்டு வந்தேன். தைத்த கைக்குக் கூலி கொடுக்காமல் வர எனக்கு மனம் வரவில்லை.

ஏழாவது, 1914 முதல் 1945 வரையிலான இங்கிலாந்து வரலாறு. ஆக்ஸ்ஃபோர்டு வெளியிட்ட வரிசையில் பதினைந்தாவது தொகுதி, 1965இல் வந்தது. 1914 ஆகஸ்ட் வரை ஒரு சாதாரண ஆங்கிலேயன் தபால் நிலையத்தையும் போலீஸ்காரரையும் தவிர அரசு என்று ஒன்று இருப்பதையே உணராமல் வாழ்ந்து முடிக்கலாம் என்று தொடங்கி, இரண்டு போர்களும் அந்த மனிதனை என்ன செய்தன என்று சொல்லிக்கொண்டே போகிறது. பிரதமர்கள் வருகிறார்கள், போகிறார்கள். படிக்கிறவர் மனத்தில் தங்குவது ஜனங்கள். என் கணிப்பில் டெய்லரின் ஆகச் சிறந்த புத்தகம் இது. இதற்கு முந்தின வருடம்தான் பல்கலைக்கழகம் அவருடைய விரிவுரையாளர் நியமனத்தைப் புதுப்பிக்க மறுத்தது. கல்லூரி ஃபெல்லோ பதவி மட்டும் மிஞ்சியது. அந்த நிலையில் இப்படி ஒரு நூலைக் கொடுத்தார்.

இதன் பைண்டிங்தான் ஏழிலும் அருமை. தடித்த புத்தகம், நடுவில் திறந்து மேசைமேல் வைத்தால் தானாக விரிந்து கிடக்கிறது. கையை எடுத்துவிட்டுக் காப்பி குடிக்கலாம். முதுகு உருண்டு வந்திருக்கிறது, அட்டை மடிப்பில் விரிசல் இல்லை.

சாரின் பெட்டியில் எட்டாவதாக ஒன்று உண்டு. பத்திரிகை அதிபர் பீவர்புரூக்கின் வாழ்க்கை வரலாறு, 1972. கெட்டி அட்டை, ஒரு பக்கத்து மூட்டு மட்டும் விட்டிருக்கிறது. டெய்லர் தன் நண்பரைப் பற்றி எழுதியது, அன்பு கண்ணை மறைத்துவிட்டது. அவர் 1967 முதல் 1975 வரை பொறுப்பில் இருந்த பீவர்புரூக் நூலகத்தில் முன்னாள் பிரதமர் லாயிட் ஜார்ஜின் காகிதங்களை இளம் ஆய்வாளர்களுக்குத் திறந்து வைத்த வேலையை நான் இந்த நூலைவிட உயர்வாக வைப்பேன். 1980இல் அவர் அறிஞர்களின் அமைப்பான பிரிட்டிஷ் அகாடமியிலிருந்து விலகினார். சோவியத் உளவாளி என்று அம்பலமான கலை வரலாற்று அறிஞர் ஆண்டனி பிளண்டை அறிஞர்கள் கூடி வெளியேற்றப் பார்த்தது சரியில்லை, அகாடமி பார்க்க வேண்டியது புலமையைத்தான் என்பது அவர் நிலை. 1985இல், பார்க்கின்சன் நோய் முற்றி வந்தபோதும், போர்கள் எப்படி முடிகின்றன என்று தொலைக்காட்சியில் ஒரு தொடர் பேசினார். பேச்சில் நடுக்கம் தெரிந்தது. 1990 செப்டம்பர் 7 அன்று இறந்தார். இந்தக் கடைசிப் பகுதியை நான் சொல்லி முடித்தபோது அக்கா நூல் கோத்த ஊசியைக் கையிலேயே வைத்துக்கொண்டு, "கடைசி வரைக்கும் பேசிருக்காக" என்றார்.

கூலி, மெல்லிய புத்தகத்துக்கு 180 ரூபாய், தடித்ததற்கு 320. கில்ட் எழுத்துக்கு வரிக்கு 30 தனி. காசாகக் கொடுத்தாலும் சரி, ஜிபே என்றாலும் சரி. காலை பத்தரைக்குத் திறக்கிறார்கள், மதியம் சாப்பாட்டுக்கு இரண்டு மணி நேரம் அடைப்பு. பங்குனி, சித்திரை மாதங்களில் கல்லூரி ப்ராஜெக்ட் பைண்டிங் மலையாகக் குவிகிறது, எனக்குத் தாமதமானதும் அதனால்தான். ஆடியில் கொடுத்தால் சொன்ன தேதிக்குக் கிடைக்கும். எட்டாவதை நான் ஆடியில்தான் கொடுக்கப்போகிறேன். உங்கள் புத்தகத்தின் ஓரத்தில் யாராவது எழுதியிருந்தால் அந்தப் பக்கங்களில் காகிதம் செருகிக் கொடுத்து, ஓரம் வெட்ட வேண்டாம் என்று வாயாலும் சொல்லிவிடுங்கள். அண்ணன் இப்போது அவரே கேட்கிறார்.